முல்லைப்பெரியாறு அணையின் நீர்மட்ட வரலாறும் இருபடிச் சார்பின் குழிவுப் பண்பும்: ‘அடி’ என்னும் அளவை முன்வைத்து ஓர் ஆய்வு

ஆய்வுச் சுருக்கம்

முல்லைப்பெரியாறு அணை குறித்த வரலாற்று எழுத்துகள் பெரும்பாலும் நீர்மட்டத்தை அடிக்கணக்கிலேயே பேசுகின்றன. 155, 152, 142, 136, 104 ஆகிய எண்கள் ஒப்பந்தங்களிலும் தீர்ப்புகளிலும் மக்கள் பேச்சிலும் திரும்பத் திரும்ப வருகின்றன. இவ்வெண்களுக்கு இடையிலுள்ள தொலைவு நேர்கோட்டு அளவாகவே புரிந்துகொள்ளப்படுகிறது. ஆனால் நீர் அணையின்மீது செலுத்தும் விசையும் நீர்த்தேக்கத்தின் நீர்ப்பரப்பும் உயரத்தின் வர்க்கத்தைச் சார்ந்து மாறுபவை. அதாவது அவை இருபடிச் சார்புகள். இச்சார்புகளின் குழிவு, முனை, சமச்சீர் அச்சு, மூலம் ஆகிய பண்புகளைக் கொண்டு அணையின் நீர்மட்ட வரலாற்றை மறுவாசிப்புச் செய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும். உரிமை, பாதுகாப்பு, பாசனம் ஆகிய மூன்று துறைகளிலும் ‘ஓர் அடி’ என்பது வெவ்வேறு பொருள் கொள்கிறது என்பது இக்கட்டுரையின் கருதுகோள்.

திறவுச்சொற்கள்: முல்லைப்பெரியாறு, கம்பம் பள்ளத்தாக்கு, இருபடிச் சார்பு, பரவளையம், குழிவு, நீர்மட்டம், குத்தகை ஒப்பந்தம்.

முன்னுரை

தேனி மாவட்டத்தின் கம்பம் பள்ளத்தாக்கில் இருபோக நெல் விளையும் 14,707 ஏக்கர் நிலம் பெரியாற்று நீரை நம்பியுள்ளது. அணையின் நீர்மட்டம் அப்பகுதி உழவர்கள் நாள்தோறும் கேட்டறியும் செய்தி. மட்டம் எத்தனை அடி என்பதைக் கொண்டே நாற்றங்கால் பாவுவதும் தள்ளிப்போடுவதும் முடிவாகின்றன. மலைக்கு அப்பால், பெரியாற்றின் கீழ்நிலைக் கரைகளில் வாழும் கேரள மக்களுக்கும் அதே எண் நாள்தோறும் கேட்கும் செய்திதான். அவர்களுக்கு அது பாதுகாப்பின் எண்.

இவ்வாறு ஒரே எண் இரு மக்களிடம் இரு வேறு பொருளைத் தாங்கி நிற்பதை அரசியல் வரலாறாகவும் சட்ட வரலாறாகவும் பலர் எழுதியுள்ளனர். அந்த எண்ணுக்கும் அது குறிக்கும் பொருளுக்கும் இடையிலுள்ள கணித உறவு வரலாற்று ஆய்வில் உரிய இடம் பெறவில்லை. அடி என்பது உயரத்தின் அளவு. உழவர் வேண்டுவது நீரின் கனஅளவு. கீழ்நிலையில் வாழ்வோர் அஞ்சுவது நீரின் விசை. உயரத்திலிருந்து கனஅளவுக்கும் விசைக்கும் செல்லும் வழி நேர்கோடு அன்று, வளைகோடு. அவ்வளைவின் இயல்பை அறியாமல் ஆறடியையும் பதினாறடியையும் எடைபோட இயலாது.

அடிக்கணக்கின் வரலாறு

மேற்குத் தொடர்ச்சி மலையின் மேற்குச் சரிவில் பாயும் பெரியாற்றைக் கிழக்கே திருப்பும் எண்ணம் 18ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே தோன்றியது. இராமநாதபுரம் சேதுபதி சீமையின் பிரதானி முத்திருளப்ப பிள்ளை இதற்கான முதல் முயற்சியை மேற்கொண்டவராகக் குறிக்கப்படுகிறார். 1808இல் இடத்தை ஆய்ந்த கேப்டன் கால்டுவெல் திட்டம் நடைமுறைக்கு ஒவ்வாதது என்று அறிக்கை அளித்தார். 1867இல் மேஜர் ரைவ்ஸ் 162 அடி உயர மண் அணை ஒன்றை முன்மொழிந்தார். பின்னர் ஜான் பென்னிகுவிக் திட்டத்தைத் திருத்தியமைத்தார். சுண்ணாம்பும் சுர்க்கியும் சேர்ந்த காரையால், தன் எடையாலேயே நீரைத் தாங்கி நிற்கும் ஈர்ப்பு வகை அணை அவர் பொறுப்பில் எழுந்தது. 1887இல் தொடங்கிய பணி 1895ஆம் ஆண்டு அக்டோபர் 10ஆம் நாள் சென்னை ஆளுநர் வென்லாக் திறந்துவைத்ததுடன் நிறைவு கண்டது.

இதற்கு முன்பே, 1886ஆம் ஆண்டு அக்டோபர் 29ஆம் நாள், திருவிதாங்கூர் மன்னருக்கும் இந்தியாவுக்கான பிரித்தானியச் செயலருக்கும் இடையே 999 ஆண்டுக் குத்தகை ஒப்பந்தம் கையெழுத்தானது. குத்தகை நிலத்தின் எல்லை, அணை அமையும் இடத்தில் ஆற்றுப்படுகையின் மிக ஆழமான புள்ளியிலிருந்து 155 அடி உயரத்தில் செல்லும் சமமட்டக் கோட்டால் வரையறுக்கப்பட்டது. நீர்ப்பரப்புக்கென 8,000 ஏக்கர் கணக்கிடப்பட்டு, ஏக்கருக்கு 5 ரூபாய் வீதம் ஆண்டுக்கு 40,000 ரூபாய் வாடகை உறுதியாயிற்று. 1970இல் செய்த துணை ஒப்பந்தம் வாடகையை ஏக்கருக்கு 30 ரூபாயாக உயர்த்தியது. ‘அடி’ இவ்வரலாற்றில் முதலில் நுழைவது நிலவுரிமையின் எல்லைக்கோடாகவே என்பது கருதத்தக்கது.

அணையின் முழு நீர்மட்டம் 152 அடி. 1979ஆம் ஆண்டு ஆகஸ்டு 11ஆம் நாள் குஜராத்தில் மச்சு அணை உடைந்து மோர்பி நகரம் அழிந்தது. அதே ஆண்டில் பெரியாறு அணையின் பாதுகாப்பு குறித்த ஐயம் வலுப்பெற்றது. நடுவண் நீர்வள ஆணையத்தின் பரிந்துரைப்படி அணையை வலுப்படுத்தும் பணிகள் வகுக்கப்பட்டன. நீர்மட்டம் 136 அடியாகக் குறைக்கப்பட்டது. 2006ஆம் ஆண்டு பிப்ரவரி 27ஆம் நாள் உச்ச நீதிமன்றம் 142 அடி வரை நீர் தேக்க இசைவளித்தது. அடுத்த மாதமே கேரள சட்டமன்றம் சட்டத் திருத்தம் ஒன்றின் வழி 136 அடியை வரம்பாக்கியது. 2014ஆம் ஆண்டு மே 7ஆம் நாள் அரசியல் சாசன அமர்வு அத்திருத்தம் செல்லாது என்று கூறி 142 அடியை உறுதிசெய்தது. அவ்வாண்டு நவம்பரில் நீர்மட்டம் 142 அடியைத் தொட்டது. இங்கு ‘அடி’ பாதுகாப்பின் அளவாக மாறிவிட்டதைக் காணலாம்.

இருபடிச் சார்பும் அதன் பண்புகளும்

ஒரு மாறியின் வர்க்கத்தை மிக உயர்ந்த படியாகக் கொண்ட சார்பு இருபடிச் சார்பு. உயரத்தை ‘உ’ எனக் கொண்டால் அதன் பொது வடிவம் ‘அ உ² + ஆ உ + இ’ ஆகும். இங்கு ‘அ’ பூச்சியமாகாது. இதன் வரைபடம் பரவளையம். ‘அ’ மிகை எண்ணாயின் வளைகோடு மேல்நோக்கிக் குழிந்திருக்கும், கிண்ணத்தை நிமிர்த்தி வைத்தாற்போல. ‘அ’ குறை எண்ணாயின் கீழ்நோக்கிக் குழிந்து, கவிழ்த்த கிண்ணம்போல் இருக்கும். வளைகோடு திரும்பும் புள்ளி முனை. அதன் வழியே செல்லும் செங்குத்துக் கோடு சமச்சீர் அச்சு. அதன் இருப்பிடம் ‘– ஆ / 2அ’. சார்பின் மதிப்பு பூச்சியமாகும் இடங்கள் மூலங்கள்.

குழிவை அறிய எளிய வழி ஒன்றுண்டு. உயரத்தை ஓர் அடி, ஓர் அடியாகக் கூட்டிச் சார்பின் மதிப்புகளை எழுதி, அடுத்தடுத்த மதிப்புகளின் வேறுபாட்டைக் காண வேண்டும். பின்னர் அவ்வேறுபாடுகளின் வேறுபாட்டைக் காண வேண்டும். நேர்கோட்டுச் சார்பில் இவ்விரண்டாம் வேறுபாடு பூச்சியம். இருபடிச் சார்பில் அது மாறாத எண். அதன் குறியே குழிவின் திசையைச் சொல்லும். வகைநுண்கணிதத்தில் இரண்டாம் வகைக்கெழு செய்யும் பணியை இது எண்கணித அளவிலேயே செய்துவிடுகிறது.

நீர் தள்ளும் விசை: மேல்நோக்கிய குழிவு

நீரின் அழுத்தம் ஆழத்திற்கு நேர்விகிதத்தில் கூடும். மேற்பரப்பில் பூச்சியம், அடியில் மிகுதி. ஆகவே சுவரின்மீது சராசரி அழுத்தம் அடிமட்ட அழுத்தத்தில் பாதி. அதனைச் சுவரின் நனைந்த உயரத்தால் பெருக்கினால் விசை கிடைக்கும். ஒரு கனஅடி நீரின் எடையை ‘எ’ எனக் கொண்டால், அணையின் ஓர் அடி நீளத்தின்மீது செயல்படும் விசை

வி = ½ எ உ²

ஆகும். செங்குத்துச் சுவரின்மீது நீர் செலுத்தும் விசையை இவ்வழியில் 1586இலேயே சைமன் ஸ்டெவின் காட்டியுள்ளார்.

ஒப்பந்தம் கூறும் ஆழமான படுகைப் புள்ளியையே பூச்சியமாகக் கொள்வோம். ஒரு கனஅடி நீரின் எடை ஏறத்தாழ 28.3 கிலோ. அணையின் மிக உயரமான பகுதியில், ஓர் அடி நீளத்தின்மீது செயல்படும் விசை 136 அடியில் ஏறத்தாழ 262 டன். 142 அடியில் 285 டன். 152 அடியில் 327 டன். நீர்மட்டம் 136இலிருந்து 142ஆக உயரும்போது உயரம் கூடுவது 4.4 விழுக்காடு, விசை கூடுவது 9 விழுக்காடு. 136இலிருந்து 152ஆக உயர்ந்தால் உயரம் 11.8 விழுக்காடும் விசை 24.9 விழுக்காடும் கூடும்.

இச்சார்பில் ‘அ’ மிகை எண். எனவே மேல்நோக்கிய குழிவு. முதல் அடி நீர் கூட்டும் விசை 14 கிலோ அளவே. 136ஐத் தாண்டிய முதல் அடி ஏறத்தாழ 3,860 கிலோவைக் கூட்டுகிறது. 151ஐத் தாண்டிய அடி ஏறத்தாழ 4,290 கிலோவைக் கூட்டுகிறது. ஒவ்வோர் அடிக்கும் கூடுதலின் கூடுதல் 28.3 கிலோ என்பது மட்டும் மாறுவதில்லை. முனை நீரற்ற நிலையில், அதாவது பூச்சிய உயரத்தில் உள்ளது. சமச்சீர் அச்சின் இடப்பக்கம் கணிதத்தில் இருந்தாலும் அணையில் அதற்குப் பொருளில்லை. வலப்பக்க அரைப் பரவளையமே அணையின் வாழ்வு.

பாதுகாப்பு எல்லை: கீழ்நோக்கிய குழிவு

ஈர்ப்பு அணையின் எதிர்ப்புத் திறன் முதன்மையாக அதன் எடையிலிருந்து வருவது. எளிமை கருதி அதனை மாறாத அளவு ‘எதி’ எனக் கொள்வோம். அணையின் கையிருப்பு வலிமை

கை = எதி – ½ எ உ²

ஆகும். இங்கு ‘அ’ குறை எண். வளைகோடு கீழ்நோக்கிக் குழிகிறது. முனை மீப்பெரு மதிப்பு; அது வெற்று அணையின் நிலை. நீர் ஏற ஏறக் கையிருப்பு குறைவது மட்டுமன்று, குறையும் வேகமும் கூடுகிறது. வளைகோடு அச்சை வெட்டும் மூலம் அணை தாங்கும் கடைசி மட்டம்.

1979க்குப் பின் மேற்கொண்ட வலுப்படுத்தலின் பொருள் இச்சமன்பாட்டில் தெளிவாகிறது. அணையின் மேல் கான்கிரீட் தொப்பி அமைத்தல், கம்பிவட நங்கூரமிடல், பின்புறம் கான்கிரீட் தாங்கல் எழுப்புதல் ஆகிய மூன்றும் ‘எதி’யைக் கூட்டுபவை. அவை பரவளையத்தை மேலே நகர்த்துகின்றன. அதன் குழிவை மாற்றுவதில்லை. மூலம் ‘எதி’யின் வர்க்கமூலத்தைச் சார்ந்தது. ஆகவே 136 அடியில் இருந்த அதே பாதுகாப்பு விகிதத்தை 152 அடியில் பெற, எதிர்ப்புத் திறன் 11.8 விழுக்காடு கூடினால் போதாது, 24.9 விழுக்காடு கூட வேண்டும். கவிழ்க்கும் திருப்புத்திறனோ உயரத்தின் முப்படியைச் சார்ந்தது. அதே மட்ட உயர்வுக்கு அது 39.6 விழுக்காடு கூடுகிறது.

எடை மாறாதது என்ற எடுகோளுக்கும் வரலாறு உண்டு. 1853இல் பிரான்சின் சாசில்லியும் 1872இல் ரான்கினும் ஈர்ப்பு அணைகளின் வடிவத்தைத் தகைவுக் கணக்கால் வரையறுத்தனர். அணையின் உடலுக்குள்ளும் அடியிலும் ஊடுருவும் நீர் மேல்நோக்கித் தள்ளும் விசை அக்கணக்கில் சேரவில்லை. 1884இலேயே ஒரு பகுதி நகர்ந்து, பின்னர் வலுப்படுத்தப்பட்ட பிரான்சின் பூசே அணை 1895ஆம் ஆண்டு ஏப்ரல் 27ஆம் நாள் உடைந்தது. அதன் பின்னரே மோரிஸ் லெவி மேலுந்து விசையைக் கணக்கில் சேர்க்க வலியுறுத்தினார். பெரியாறு அணை திறக்கப்பட்டது அதே ஆண்டு அக்டோபரில். பெரியாறு அணை வடிவமைக்கப்பட்ட காலமும் அது பின்னர் மதிப்பிடப்பட்ட காலமும் இரு வேறு எடுகோள்களைக் கொண்டவை. 20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் எழுந்த ஐயத்தை அரசியல் நோக்கம் என்று மட்டும் ஒதுக்குவதும், பழைய கணக்கைப் பிழை என்று மட்டும் ஒதுக்குவதும் இவ்வரலாற்றுக்கு நீதி செய்யா.

நீர்ப்பரப்பும் கொள்ளளவும்

இனிப் பாசனத்தின் பக்கம் காண்போம். நீர்த்தேக்கத்தின் முழுக் கொள்ளளவு 443.23 மில்லியன் கனமீட்டர். பயன்படு கொள்ளளவு 299.13 மில்லியன் கனமீட்டர். தேக்கடியிலிருந்து சுரங்கம் வழியே நீர் எடுக்கும் கீழ் எல்லை 104 அடி. எனவே 104 அடிக்குக் கீழ் நிற்கும் நீர் 144.1 மில்லியன் கனமீட்டர்.

பள்ளத்தாக்கு இருபுறமும் சரிந்து, மேல்நோக்கி விரிந்தும் நீண்டும் செல்வதால், நீர்ப்பரப்பு உயரத்தின் வர்க்கத்தைச் சார்ந்தது என்று கொள்ளலாம். அவ்வாறாயின் கொள்ளளவு உயரத்தின் முப்படியைச் சாரும். இவ்வெடுகோளைச் சோதிக்க இயலும். 152 அடிக்குரிய 443.23 என்ற மதிப்பிலிருந்து 104 அடிக்கு முப்படி விதிப்படி கிடைப்பது 142.0, பதிவுகளின்படி 144.1. வேறுபாடு 2 விழுக்காட்டுக்கும் குறைவு. குத்தகை ஒப்பந்தத்தின் 8,000 ஏக்கரை 155 அடிக்குரிய பரப்பாகக் கொண்டு அதே விதியைப் பயன்படுத்தினால் 152 அடிக்கு ஏறத்தாழ 481 மில்லியன் கனமீட்டர் கிடைக்கிறது. ஒப்பந்தத்தின் முழுமையாக்கிய எண்ணிலிருந்து பெற்ற மதிப்பு என்பதால் இவ்வேறுபாடு ஏற்கத்தக்கதே. எனவே பரப்பு ஓர் இருபடிச் சார்பு என்ற எடுகோள் இவ்வணைக்குப் பெரிதும் பொருந்துகிறது.

இவ்விதிப்படி 104இலிருந்து 110 வரையுள்ள ஆறடியில் ஏறத்தாழ 26 மில்லியன் கனமீட்டர் நீர் நிற்கும். 136இலிருந்து 142 வரையுள்ள ஆறடியில் ஏறத்தாழ 44 மில்லியன் கனமீட்டர், அதாவது ஏறத்தாழ ஒன்றரை டிஎம்சி நிற்கும். 142இலிருந்து 152 வரையுள்ள பத்தடியில் ஏறத்தாழ 82 மில்லியன் கனமீட்டர் நிற்கும். 16 அடி உயரத்தை இழந்த 1979ஆம் ஆண்டு முடிவு 152 அடியில் பத்தில் ஒரு பங்கைத்தான் குறைத்தது போலத் தோன்றும். ஆனால் பயன்படு கொள்ளளவில் அது ஐந்தில் இரண்டு பங்குக்கும் கூடுதலான இழப்பு. கம்பம் பள்ளத்தாக்கிலும் அதற்கு அப்பாலுள்ள மதுரை, சிவகங்கை, இராமநாதபுரப் பாசனப் பகுதிகளிலும் எழுந்த குரலின் அளவை இவ்வளைகோடே விளக்குகிறது.

ஒரே வளைகோட்டின் இரு பொருள்கள்

மேற்கண்ட இரு பகுதிகளையும் இணைத்து நோக்கினால் ஓர் உண்மை புலப்படும். ஓர் அடி உயர்வால் கிடைக்கும் நீர் என்பது அம்மட்டத்தின் நீர்ப்பரப்பே. நீர்ப்பரப்பு உயரத்தின் வர்க்கம். விசையும் உயரத்தின் வர்க்கம். 136 அடியைவிட 142 அடியில் விசை 9 விழுக்காடு மிகுதி. அம்மட்டத்தில் ஓர் அடி தரும் நீரும் 9 விழுக்காடு மிகுதி. எந்த அடி உழவருக்கு மிகுதியாகத் தருகிறதோ அதே அடிதான் கீழ்நிலையில் வாழ்வோரை மிகுதியாக அஞ்சச் செய்கிறது. பூசல் பெரும்பாலும் உச்சியிலுள்ள சில அடிகளைச் சுற்றியே நிகழ்வதற்குக் காரணம் இதுவே.

வரலாற்று ஆய்வு முறைக்கும் இதில் ஒரு படிப்பினை உண்டு. நீர்மட்டப் பதிவேடுகளைப் பயன்படுத்துவோர் ஆண்டுச் சராசரி மட்டத்தைக் கணக்கிட்டு, அதிலிருந்து சராசரி நீரிருப்பை ஊகிப்பது வழக்கம். மேல்நோக்கிக் குழிந்த சார்பில் இம்முறை எப்போதும் குறைத்தே மதிப்பிடும். காட்டாக, மட்டம் பாதிக் காலம் 110 அடியிலும் பாதிக் காலம் 142 அடியிலும் நின்றால் சராசரி 126 அடி. 126 அடிக்குரிய கொள்ளளவு ஏறத்தாழ 252 மில்லியன் கனமீட்டர். உண்மைச் சராசரி ஏறத்தாழ 265. ஏற்ற இறக்கம் மிகுந்த ஆண்டுகளில் பிழை பெரிதாகும். எனவே மட்டங்களை முதலில் கொள்ளளவாக மாற்றி, அதன்பின் சராசரி காண்பதே முறையாகும்.

முடிவுரை

1886இல் ‘அடி’ நிலத்தின் எல்லையைக் குறித்தது. எல்லைக்கு ஒரு கோடு போதும். அங்கு வளைவுக்கு வேலையில்லை. 1979இல் அதே ‘அடி’ விசையின் அளவாயிற்று. 2006க்கும் 2014க்கும் இடையில் நீதிமன்றத்தில் உரிமை, பாதுகாப்பு, பாசனம் ஆகிய மூன்றையும் ஒருங்கே சுமந்தது. சட்டம் வரம்பை ஓர் எண்ணாகவே கூற இயலும் என்பதால், வளைகோட்டின் ஒரு புள்ளியே தீர்ப்பாகிறது. அப்புள்ளியைச் சுற்றியுள்ள வளைவு பொதுப் பேச்சில் மறைந்துவிடுகிறது.

விசையின் சார்பு மேல்நோக்கியும் கையிருப்பு வலிமையின் சார்பு கீழ்நோக்கியும் குழிபவை. முன்னதன் முனை மீச்சிறு மதிப்பு, பின்னதன் முனை மீப்பெரு மதிப்பு. வலுப்படுத்தல் பரவளையத்தை நகர்த்துமேயன்றி அதன் குழிவை மாற்றாது. உச்சியிலுள்ள அடிகளே நீரிலும் விசையிலும் மிகையானவை. இவை இக்கட்டுரை கண்ட முடிவுகள். அணை வலுவானதா அன்றா என்பதை இக்கணக்கு தீர்க்காது. அதற்கு மேலுந்து விசை, நில அதிர்வு, கட்டுமானப் பொருளின் நிலை ஆகியவற்றின் பொறியியல் ஆய்வு வேண்டும். எனினும் ஆறடியை ‘வெறும் ஆறடி’ என்று இரு தரப்பிலும் எவரும் கூற இயலாது என்பதை இது நிறுவுகிறது. கம்பம் பள்ளத்தாக்கின் பாசன வரலாற்றை எழுதுவோர் ஒவ்வொரு நீர்மட்ட எண்ணுக்கும் அருகில் அதற்குரிய கொள்ளளவையும் விசையையும் சேர்த்துத் தருவார்களாயின், அவ்வரலாறு இரு மாநில வாசகர்க்கும் ஒருங்கே பயன்படுவதாக அமையும்.